பறவைகளின் பட்டியல் யார் கையில்? வடக்கின் கரையோரத்தை எண்ணுவது பற்றி

செவ்வாய்க்கிழமைகளில் கொச்சிக்கடை அந்தோனியார் ஆலயத்தைச் சுற்றி நடக்க இடம் இருக்காது. மெழுகுதிரி விற்பவர்கள், நேர்த்திக்கு வந்தவர்கள், துறைமுகத்துக்குப் போகும் லொறிகள், இவற்றுக்கு மேலே காகங்கள். அப்படி ஒரு செவ்வாயில்தான் மன்னார்த் தீவிலிருந்து வந்திருந்த ஒரு மீனவரைச் சந்தித்தேன். வயது எழுபதுக்கு மேல். மகளின் கண் சத்திரசிகிச்சைக்காகக் கொழும்புக்கு வந்தவர், நேர்த்தி வைத்துவிட்டு ஆலய வாசலில் குந்தியிருந்தார்.

என் பையில் ஒரு பறவைப் பட்டியல் இருந்தது. இலங்கையில் பதிவாகியிருக்கும் பறவை இனங்களைக் குடும்ப வாரியாக வரிசைப்படுத்திய சில தாள்கள். ஒவ்வொரு பெயருக்கும் பக்கத்தில் சரி அடையாளம் போட ஒரு சிறிய பெட்டி. இலத்தீன் பெயர், ஆங்கிலப் பெயர், சிங்களப் பெயர் என்று மூன்று நிரல்கள். மன்னார்க் காற்றாலைகள் பற்றிய ஒரு கட்டுரைக்காக அதை வைத்திருந்தேன். பெரியவர் கையில் கொடுத்தேன். இரண்டு தாளைப் புரட்டிப் பார்த்தார்.

"தம்பி, இதில தமிழ் எங்க?"

இல்லை என்றேன். எங்கள் பக்கத்தில் என்னென்ன பறவை வரும் என்று அவரிடமே கேட்டேன். பூநாரை, கூழைக்கடா, ஆலா, கடற்காகம், ஆட்காட்டி என்று அடுக்கிக்கொண்டே போனார். எது எந்த மாதம் வரும், எந்தக் காற்றோடு வரும், எது சேற்றில் நிற்கும், எது வலைக்குப் பின்னால் வரும் என்று சொன்னார். சிறகை விரித்துப் பறக்கும்போது எதற்கு வெள்ளைக் கோடு தெரியும் என்பதுகூட அவருக்குத் தெரிந்திருந்தது. சின்னப் பறவைகளிடம் வந்தபோது மட்டும் கையை விரித்தார்: "அதெல்லாம் உள்ளான்தான். பெரிய உள்ளான், சின்ன உள்ளான்."

அவருக்குத் தெரிந்தது பட்டியலில் இல்லை. பட்டியலில் இருந்தது அவருக்கு எட்டவில்லை. இதை ஒரு மொழிபெயர்ப்புக் குறைபாடு என்று விட்டுவிடலாம். ஆனால், கடந்த சில வருடங்களில் வடக்கின் கரையோரத்தில் நடந்தவற்றைப் பார்க்கும்போது இந்த இடைவெளி பெரிய விடயமாகத் தெரிகிறது. எங்கே காற்றாலை வரலாம், எங்கே வரக்கூடாது, எந்தக் களப்பில் யார் வலை வீசலாம், எந்தக் காணிக்கு யார் திரும்பிப் போகலாம் என்ற கேள்விகளில் பறவைகளின் பெயர்களும் எண்ணிக்கைகளும் இப்போது ஒரு தரப்பின் சாட்சியாக நிற்கின்றன. அந்தச் சாட்சியத்தை எழுதுவது யார் என்பதைப் பற்றி நாம் பேசியதில்லை.

பட்டியல் என்றால் பயம்

எங்களுக்குப் பட்டியல் என்ற சொல்லே நல்ல நினைவுகளைத் தருவதில்லை. கொட்டாஞ்சேனையிலும் வெள்ளவத்தையிலும் வாழ்ந்த தமிழர்கள் வீட்டில் இருப்போரின் பெயர்களை எழுதிப் பொலிஸ் நிலையத்தில் பதிந்துவிட்டுத்தான் நித்திரை கொண்டார்கள். 2007 ஜூன் 7ஆம் திகதி விடிவதற்கு முன், கொழும்பு விடுதிகளில் தங்கியிருந்த 376 தமிழர்கள் பஸ்களில் ஏற்றப்பட்டு வவுனியாப் பக்கமாக அனுப்பப்பட்டார்கள். அடுத்த நாள் உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. அகதி முகாம் பட்டியல், நிவாரண அட்டைப் பட்டியல், சரணடைந்தவர்களின் பட்டியல், காணாமல் ஆக்கப்பட்டோரின் பட்டியல் என்று எத்தனையோ பார்த்துவிட்டோம். சிலவற்றில் பெயர் இருந்தது ஆபத்து. சிலவற்றில் பெயர் இல்லாதது ஆபத்து.

ஆனாலும் ஒன்றை இந்த வரலாறே கற்றுத் தந்திருக்கிறது. பதியப்படாத இழப்பு மறுக்கப்படும். காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் திகதியையும் இடத்தையும் கண்ட சாட்சியையும் தாங்களே எழுதி வைத்திராவிட்டால் இன்று கேட்பதற்கு எதுவும் மிஞ்சியிருக்காது. பறவைகளைப் பற்றிப் பேசும்போது இந்த ஒப்பீடு சிலருக்குப் பொருத்தமற்றதாகத் தோன்றலாம். துயரத்தின் அளவை நான் ஒப்பிடவில்லை. யார் எழுதுகிறார்கள், எப்போது எழுதுகிறார்கள் என்பதால் எது உண்மையாக ஏற்றுக்கொள்ளப்படுகிறது என்பது மாறுகிறது. அந்த விதி இங்கேயும் பொருந்துகிறது.

முத்து பிடித்த பறவை

இலங்கைப் பறவைகளின் அறிவியல் பட்டியல் எழுதப்பட்ட ஆரம்ப காலத்தில் வடக்கு ஓரத்தில் இருக்கவில்லை. 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இலங்கையில் அரச பணியில் இருந்த எட்கர் லேயார்ட் என்ற ஆங்கிலேயர் யாழ்ப்பாணக் குடாநாட்டில் பறவைகளைச் சேகரித்தார். அவருடைய குறிப்புகள் 1853, 1854ஆம் ஆண்டுகளில் வெளிவந்தன. அவருக்குப் பறவைகளைக் கொண்டுவந்து கொடுத்தவர்களில் முக்கியமானவர் முத்து என்ற பணியாள். ஒரு ஜூன் மாதக் காலையில் பருத்தித்துறையில் முத்து கொண்டுவந்த சிறிய மண்ணிறப் பறவை ஒன்று, அதுவரை அறிவியலுக்குத் தெரியாத இனமாக இருந்தது. லேயார்ட் அதற்கு முத்துவின் பெயரையே வைத்தார். மஸ்சிகாபா முத்துய் என்பது இன்றும் அந்த ஈப்பிடிப்பான் குருவியின் அறிவியல் பெயர்.

உலகில் எந்த நாட்டில் அந்தக் குருவியைப் பார்த்து எழுதினாலும் முத்துவின் பெயரைத்தான் எழுத வேண்டும். அதே நேரம், முத்துவைப் பற்றி நமக்குத் தெரிவது இவ்வளவுதான். லேயார்ட் எழுதிய சில வரிகள் இல்லாவிட்டால் இதுவும் தெரிந்திருக்காது. பறவையைக் கண்டவன் ஒருவன், எழுதியவன் வேறொருவன் என்ற ஏற்பாடு அன்றே தொடங்கிவிட்டது.

அதற்குப் பின் வந்த பெரிய நூல்களில் தமிழுக்கு ஓரளவு இடம் இருந்தது. வின்சென்ட் லெக் 1880இல் முடித்த இலங்கைப் பறவைகளின் வரலாற்றில் ஊர்ப் பெயர்கள் உண்டு. 1955இல் வெளிவந்த ஜி. எம். ஹென்றியின் கைந்நூல் பறவைகளின் சிங்களப் பெயரோடு தமிழ்ப் பெயரையும் தந்தது. அதே காலத்தில் டபிள்யூ. டபிள்யூ. ஏ. பிலிப்ஸ் நாட்டின் பறவைப் பட்டியலைத் திருத்தித் திருத்தி வெளியிட்டார். காலனித்துவ அலுவலர்களும் தோட்டத்துரைமாரும் எழுதிய நூல்களில் இருந்த தமிழ்ப் பெயர்கள், சுதந்திரத்துக்குப் பின் வந்த பல கையடக்கப் பட்டியல்களில் உதிர்ந்துபோயின. சிங்களத்தில் பறவை நூல்கள் வளர்ந்தன. பேராசிரியர் சரத் கொட்டகம போன்றவர்கள் அந்த மொழியில் ஒரு வாசகர் கூட்டத்தையே உருவாக்கினார்கள். அது பாராட்ட வேண்டிய வேலை. தமிழில் அந்த வேலை அதே அளவில் நடக்கவில்லை.

அதற்குத் தமிழர் தரப்பிலும் காரணம் உண்டு. எங்கள் பாடசாலைகளில் விலங்கியல் என்பது வைத்தியராவதற்கான பாடம். வயலில் நிற்கும் பறவையைப் பார்த்து எழுதுவது படிப்பாகக் கருதப்படவில்லை.

இருண்டுபோன வருடங்கள்

பிறகு போர் வந்தது. 1980களின் நடுப்பகுதியிலிருந்து 2009 வரை வடக்கின் பெரும்பகுதி பறவை அவதானிகளுக்கு எட்டாத நிலமாக இருந்தது. ஒவ்வொரு வருடமும் ஜனவரியில் ஆசிய நாடுகள் முழுவதிலும் நீர்ப்பறவைகளை எண்ணுகிறார்கள். 1987இல் தொடங்கிய இந்தக் கணக்கெடுப்பில் இலங்கையும் பங்கெடுத்தது. ஆனால் கண்ணிவெடியும் காவலரணும் இருந்த களப்புகளுக்கு யார் போய் எண்ணுவது?

அங்கே வாழ்ந்தவர்களாலும் எண்ண முடியவில்லை. தொலைநோக்கியை வைத்திருப்பதே உயிராபத்தாக இருந்த காலம் அது. இப்போதும் நிலைமை முழுதாக மாறிவிட்டது என்று சொல்ல மாட்டேன். மூன்று வருடங்களுக்கு முன் மன்னார்ப் பாலத்தடியில் தொலைநோக்கியோடு நின்றபோது, சிவில் உடையில் வந்த ஒருவர் என் அடையாள அட்டையைக் கேட்டார். பெயரைப் பார்த்தார். என்ன பார்க்கிறாய் என்று கேட்டார். பூநாரை என்றேன். அவர் தன் கைத்தொலைபேசியில் அட்டையைப் படம் எடுத்துக்கொண்டு போனார். சற்றுத் தள்ளி, தெற்கிலிருந்து வேனில் வந்த குழு ஒன்று பெரிய கமராக்களோடு அதே பூநாரைகளைப் படம் எடுத்துக்கொண்டிருந்தது. அவர்களை யாரும் ஒன்றும் கேட்கவில்லை.

இதனால் வடக்கின் பறவைப் பதிவுகளில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. போருக்கு முந்திய பதிவுகள் உண்டு. 2009க்குப் பிந்தியவை ஏராளம். நடுவில் ஏறக்குறைய ஒரு தலைமுறைக் காலம் மெல்லிய கீற்றாகத்தான் தெரிகிறது. ஓர் இனம் குறைந்துவிட்டதா, கூடிவிட்டதா, அல்லது முன்பு யாரும் பார்க்கவில்லையா என்று பிரித்துச் சொல்ல முடியாத நிலை. பதிவு இல்லை என்பதைப் பறவை இல்லை என்று வாசிப்பது பட்டியல்களில் நடக்கும் மிகப் பழைய தவறு.

இன்னொரு சாய்வும் உண்டு. இலங்கைக்கே உரிய பறவைகள் என்று 34 இனங்களைச் சொல்வார்கள். பட்டியலைப் பொறுத்து இந்த எண் ஒன்றிரண்டு மாறும். அவற்றில் பெரும்பாலானவை சிங்கராஜா போன்ற ஈரவலயக் காடுகளிலும் மலைநாட்டிலும் வாழ்பவை. சுற்றுலாக்காரர்கள் தேடி வருவதும், முத்திரைகளில் அச்சாவதும், பாதுகாப்புப் பிரசாரங்களில் முன்னிற்பதும் அவைதான். வடக்கின் உலர்ந்த கரையோரத்துக்கு அந்தப் பெருமை குறைவு. மன்னாரின் கௌதாரியை எடுத்துக்கொள்ளுங்கள். இலங்கையில் வடமேற்கிலிருந்து யாழ்ப்பாணம் வரையான உலர்ந்த கரைப்பகுதிக்கு வெளியே அது கிடைப்பது அரிது. ஆனால் பாக்குநீரிணைக்கு அந்தப் பக்கம் இராமநாதபுரத்துப் பற்றைக்காடுகளில் அது சாதாரணம். ஆகவே, நாட்டுக்கே உரியது என்ற அளவுகோலில் அது தோற்றுவிடுகிறது. வடக்கின் பறவையுலகம் தமிழ்நாட்டுக் கரையோடு சேர்ந்த ஒன்று. தேசத்தின் எல்லைக்கோட்டை வைத்து மதிப்பிட்டால் அதன் முக்கியம் தெரியாது.

அதன் முக்கியம் எண்ணிக்கையில் இருக்கிறது. சைபீரியாவிலிருந்தும் மத்திய ஆசியாவிலிருந்தும் தெற்கு நோக்கி வரும் பறவைகளின் பெரும் பாதை ஒன்று ஏறக்குறைய 30 நாடுகளைக் கடந்து வருகிறது. இந்தியாவின் தென்முனையைத் தாண்டும் அந்தப் பாதை இலங்கைக்குள் நுழையும் முக்கியமான வாசல் மன்னார். கொழும்புப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் மன்னாரில் பிடித்து, ஜிபிஎஸ் கருவி பொருத்தி விட்ட கடற்காகங்கள் ரஷ்யாவின் வடதுருவக் கரை வரை போய்த் திரும்பியதைப் பதிவுசெய்திருக்கிறார்கள். தலைமன்னார் மீனவர் வலையைச் சுற்றிப் பறக்கும் கடற்காகம் அந்தத் தூரத்தைக் கடந்து வந்ததாக இருக்கலாம்.

வங்காலை: ஒரு பெயர், இரண்டு நினைவுகள்

வங்காலை என்றதும் எங்களுக்கு என்ன நினைவுக்கு வரும்? 1985 ஜனவரியில் கொல்லப்பட்ட மேரி பஸ்தியன் அடிகளார். 2006 ஜூன் மாதம் வீட்டுக்குள் கொல்லப்பட்ட தாய், தந்தை, இரண்டு சின்னப் பிள்ளைகள். போர் தின்ற ஊர்களில் அது ஒன்று.

சர்வதேசச் சூழலியல் ஆவணங்களில் வங்காலை வேறொன்று. 2008இல், வன்னிப் போர் உச்சத்தில் இருந்த வருடத்தில், 4,839 ஹெக்டெயர் நிலமும் நீரும் வங்காலைச் சரணாலயமாகப் பிரகடனப்படுத்தப்பட்டது. 2010 ஜூலையில் அது ராம்சார் ஈரநிலமானது. ராம்சார் உடன்படிக்கைக்கு ஈரநிலங்களைத் தெரிவுசெய்ய அளவுகோல்கள் உண்டு. தொடர்ச்சியாக 20,000க்கு மேற்பட்ட நீர்ப்பறவைகளைத் தாங்கும் இடமாக இருப்பது ஒன்று. ஏதாவது ஓர் இனத்தின் பிராந்தியத் தொகையில் நூற்றுக்கு ஒன்றைத் தாங்குவது இன்னொன்று. யாரோ நின்று எண்ணி, இனவாரியாக எழுதியிருந்தால்தான் இவற்றை நிறுவ முடியும்.

போருக்குப் பிந்திய மன்னாரில் இந்தப் பட்டியலுக்கு இருந்த பலத்தைக் காற்றாலை விவகாரம் காட்டியது. இலங்கை மின்சார சபையின் தம்பபவனிக் காற்றாலைப் பண்ணை 30 கோபுரங்களோடு 2020 டிசெம்பரில் மன்னார்த் தீவில் திறக்கப்பட்டது. வங்காலைச் சரணாலயத்தின் ஊடாகப் போகும் உயர் அழுத்த மின்கம்பிகளில் மோதிப் பூநாரைகள் இறந்ததைச் சூழலியலாளர்கள் பதிவுசெய்தார்கள். பிறகு அதானி நிறுவனத்தின் திட்டம் வந்தது. மன்னாரில் 250 மெகாவாட், பூநகரியில் 234 மெகாவாட். மன்னாருக்கு மட்டும் 52 கோபுரங்கள். 2024இல் சூழலியல் அமைப்புகளும் மன்னார் ஆயரும் உயர் நீதிமன்றம் சென்றார்கள். கேள்விப்பத்திரம் இல்லாமல் கொடுத்த முறையும் மின்சாரத்தின் விலையும் அந்த வழக்குகளில் கேள்விக்குள்ளாயின. அவற்றோடு பறவைகளின் வான்பாதையும் முக்கிய வாதமாக இருந்தது. 2025 பெப்ரவரியில் அதானி நிறுவனம் விலகிக்கொண்டது. புதிய அரசாங்கம் விலையைக் குறைக்கக் கேட்டதே அதற்கு உடனடிக் காரணமாகச் சொல்லப்பட்டது.

இதை மன்னார் மக்களின் பக்கத்திலிருந்து பாருங்கள். அவர்களிடம் கேட்டால் முதலில் பறவையைச் சொல்ல மாட்டார்கள். கோபுரங்களுக்குப் போட்ட பாதைகள் மழைநீர் வடியும் வழியை அடைத்துவிட்டன, முன்பு வராத வெள்ளம் இப்போது வீட்டுக்குள் வருகிறது என்பார்கள். கரையில் மீன் குறைந்துவிட்டது என்பார்கள். கனிய மணல் அகழ்வைச் சொல்வார்கள். 2025 ஓகஸ்டில் வேறு காற்றாலைத் திட்டங்களுக்கு எதிராக அவர்கள் வீதிக்கு இறங்கியபோது, ஜனாதிபதி ஒரு மாதம் வேலைகளை நிறுத்திவைத்தார். செப்டெம்பர் இறுதியில் உதிரிப்பாகங்கள் மீண்டும் கொண்டுவரப்பட்டபோது பொலிஸாருக்கும் மக்களுக்கும் இடையில் மோதல் வெடித்தது.

பறவைகளுக்காகப் பேசியவர்களின் கையில் இன வாரியாக, மாத வாரியாக, இடம் வாரியாகப் பதிவுகள் இருந்தன. வெள்ளத்தைப் பற்றிப் பேசிய மக்களின் கையில் அனுபவம் இருந்தது. எந்த வருடம், எந்த வீதியில், எத்தனை அடி தண்ணீர், எத்தனை நாள் நின்றது என்ற தொடர் பதிவு யாரிடம் இருக்கிறது? மீன்பாடு குறைந்ததற்கு, காற்றாலைக்கு முன்னும் பின்னுமான கணக்கு எந்தச் சங்கத்தின் கொப்பியில் இருக்கிறது? சுற்றாடல் தாக்க மதிப்பீட்டு அறிக்கை மக்கள் கருத்துக்காக 30 நாட்கள் திறந்துவைக்கப்படும். அந்த 30 நாட்களுக்குள் அனுபவத்தைப் பதிவாக மாற்ற முடியாது. பதிவு முன்கூட்டியே இருக்க வேண்டும். பறவைகளுக்கு அது இருந்தது. மனிதர்களுக்கு இல்லை.

பாதுகாப்பு என்ற பெயரில் வரும் வர்த்தமானி

இங்கே ஒரு நியாயமான சந்தேகம் எழும். பறவை அதிகம் என்று நாமே எழுதிக்கொடுத்தால், நாளைக்கு அதைக் காட்டியே காணியை எடுக்க மாட்டார்களா?

எடுத்திருக்கிறார்கள். இருபது, இருபத்தைந்து வருடம் இடம்பெயர்ந்திருந்துவிட்டுத் திரும்பியவர்களின் வயல்களில் காடு வளர்ந்திருந்தது. பல இடங்களில் வனவளத் திணைக்களத்தின் எல்லைக்கல் அவர்களுக்கு முன்பே வந்திருந்தது. 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்கள் முசலிப் பக்கம் திரும்பி வந்தபோது வில்பத்துக் காட்டை அழிப்பவர்கள் என்று குற்றஞ்சாட்டப்பட்டார்கள். 2017இல் அந்தப் பகுதியில் 40,000 ஹெக்டெயருக்கு மேற்பட்ட நிலம் மாவில்லு பேணற்காடாக வர்த்தமானியில் வந்தது. 2015 ஜூனில் சுண்டிக்குளம், நெடுந்தீவு, ஆதாம் பாலம், மடு வீதி ஆகிய நான்கும் தேசியப் பூங்காக்களாயின. 1938 முதல் சரணாலயமாக இருந்த சுண்டிக்குளம் 19,565 ஹெக்டெயராக விரிந்தது.

சரணாலயத்துக்கும் தேசியப் பூங்காவுக்கும் சட்டத்தில் உள்ள வித்தியாசத்தை மக்கள் தெரிந்திருக்க வேண்டும். சரணாலயத்துக்குள் தனியார் காணி இருக்கலாம், மரபான வாழ்வாதாரங்கள் தொடரலாம். தேசியப் பூங்கா முழுவதும் அரச காணி. பார்க்கவும் ஆராயவும் அனுமதிச்சீட்டோடுதான் உள்ளே போக முடியும். ஆகவே, ஒரு களப்பு முதலாவதிலிருந்து இரண்டாவதாக உயர்த்தப்படும்போது அங்கே இறால் பிடித்து வாழும் குடும்பத்தின் நிலையும் மாறுகிறது. சூழலியலாளர்களுக்கு அது வெற்றிச் செய்தி. அந்தக் குடும்பத்துக்கு அடுத்த வேளைச் சாப்பாட்டைப் பற்றிய கேள்வி.

ஆனாலும் நாங்கள் எழுதாமல் விட்டால் இது நிற்கும் என்று நினைப்பது தவறு. மேலே சொன்ன வர்த்தமானிகள் எவையும் எங்கள் பதிவுகளுக்காகக் காத்திருக்கவில்லை. அவை கொழும்பில் இருந்த வரைபடங்களை வைத்து எழுதப்பட்டன. களப்பில் மனிதர்களும் பறவைகளும் எத்தனை காலம் ஒன்றாக இருந்தார்கள் என்பதைச் சொல்லும் பதிவு எங்கள் கையில் இருந்திருந்தால், குறைந்தபட்சம் வாதாடவாவது முடிந்திருக்கும். இந்தக் களப்பில் வலை வீசிய எல்லா வருடங்களிலும் பூநாரை வந்தது என்பதை ஒரு மீனவர் சங்கம் திகதியோடு காட்ட முடியுமானால், மீனவரை வெளியேற்றினால்தான் பறவை வாழும் என்ற வாதம் அவ்வளவு இலகுவாக நிற்காது. உண்மையில் பறவைக்குத் தீங்கு செய்யும் வலையோ வேட்டையோ இருந்தால், அதுவும் அந்தப் பதிவில் தெரியும். அதற்கும் நாம் முகம்கொடுக்க வேண்டும்.

ஒரு பதிவுக்கு என்ன தேவை

பறவைப் பட்டியல் எழுதப் பட்டம் தேவையில்லை. ஒரு பயனுள்ள பதிவில் ஐந்து விடயங்கள் இருக்கும்: எந்த இனம், எத்தனை, எந்த இடம், எந்தத் திகதி நேரம், யார் பார்த்தது. இவற்றோடு எவ்வளவு நேரம் நின்று பார்த்தீர்கள் என்பதையும், கண்ட எல்லா இனங்களையும் எழுதினீர்களா என்பதையும் குறித்தால் அதன் பெறுமதி பல மடங்கு கூடும். அரை மணி நேரம் ஒரே இடத்தில் நின்று எல்லாவற்றையும் எழுதிய தாளில் ஒரு பெயர் இல்லை என்றால், அந்த இல்லாமையும் ஒரு தகவல். ஆச்சரியமான பறவையை மட்டும் படமெடுத்துப் போடுவதில் அது கிடைக்காது. அமெரிக்காவின் கோர்னெல் பல்கலைக்கழகம் 2002இல் தொடங்கிய ஈபேர்ட் உலகம் முழுவதும் இந்த முறையில்தான் இலட்சக்கணக்கானவர்களின் பதிவுகளைச் சேர்க்கிறது. கைத்தொலைபேசி இருந்தால் போதும், காசு இல்லை.

தமிழ்நாட்டுப் பறவை ஆர்வலர்கள் 2015 முதல் பொங்கல் நாட்களில் பறவைக் கணக்கெடுப்பு நடத்துகிறார்கள். பொங்கலுக்கு ஊருக்குப் போகிறவர்கள் தங்கள் வயலிலும் குளத்திலும் கொஞ்ச நேரம் நின்று எண்ணி எழுதுகிறார்கள். எங்களுக்கும் தைப்பொங்கல் வரும் ஜனவரிதான் வலசைப் பறவைகள் நிறைந்திருக்கும் மாதம். ஆசிய நீர்ப்பறவைக் கணக்கெடுப்பு நடப்பதும் அந்த மாதத்தில்தான். கட்டுக்கரைக் குளம், வங்காலை, தொண்டைமானாறு, சுண்டிக்குளம், நந்திக்கடல் என்று ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு பாடசாலை இருக்கிறது. ஒவ்வொரு பாடசாலையும் வருடத்தில் ஒரு காலையை இதற்கு ஒதுக்கினால் பத்து வருடத்தில் யாராலும் ஒதுக்க முடியாத ஒரு தொடர் கிடைக்கும்.

பெயர்களின் வேலை கொஞ்சம் கடினம். பெரியவர் உள்ளான் என்று ஒரே சொல்லில் முடித்த பறவைகள் அறிவியல் பட்டியலில் இருபதுக்கு மேற்பட்ட இனங்கள். தமிழ்நாட்டில் க. ரத்னம் போன்றவர்கள் தமிழ்ப் பறவைப் பெயர்களைத் தொகுத்ததால் கொசு உள்ளான், வளைமூக்கு உள்ளான் என்று அங்கே பிரித்துச் சொல்லப் பெயர்கள் உண்டு. இந்தப் பிரிப்பு புலமை விளையாட்டு அல்ல. வளைமூக்கு உள்ளானை 2024இல் சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அழியும் ஆபத்துள்ள வகைக்குள் மாற்றியது. கொசு உள்ளானுக்கு அந்த நிலை வரவில்லை. இரண்டையும் சின்ன உள்ளான் என்று எழுதினால் நீதிமன்றத்தில் அந்தப் பதிவு பயன்படாது. அதேநேரம் தமிழ்நாட்டுப் பெயர்களை அப்படியே இறக்குமதி செய்து எங்கள் புலுனியையும் செண்பகத்தையும் தொலைத்துவிடவும் தேவையில்லை. ஊர்ப் பெயரையும் பொதுப் பெயரையும் அறிவியல் பெயரையும் ஒரே வரியில் எழுதும் ஒரு பட்டியலை யாழ்ப்பாணப் பல்கலைக்கழகமோ, ஆசிரியர்கள் சிலர் சேர்ந்தோ ஆரம்பிக்கலாம். முதல் பதிப்பில் ஐம்பது பறவை இருந்தாலே போதும்.

அதே கொப்பியின் கடைசிப் பக்கங்களில் வெள்ளத்தின் அளவையும் மீன்பாட்டையும் கிணற்று நீரின் உப்பையும் எழுதலாம். பறவை எழுதப் பழகிய கை அதையும் எழுதும். அடுத்த திட்டத்தின் அறிக்கை 30 நாட்களுக்குத் திறக்கப்படும்போது மேசையில் வைக்க ஒன்று இருக்கும்.

அந்தச் செவ்வாய்க்கிழமை, ஆலயத்துக்கு எதிரே இருந்த கடையில் ஒரு சீ.ஆர். கொப்பி வாங்கிப் பெரியவரிடம் கொடுத்தேன். திகதி, இடம், நேரம், பெயர், எண்ணிக்கை என்று நிரல் கீறிக்காட்டினேன். எனக்கு எழுத்து அவ்வளவு வராது தம்பி, பேரனிட்டைச் சொல்லி எழுதுவிக்கிறன் என்றார். மூன்று கிழமை கழித்து பேரனின் இலக்கத்திலிருந்து வட்ஸ்அப்பில் ஒரு படம் வந்தது. காலை 6.10 முதல் 6.40 வரை. பூநாரை 212. கூழைக்கடா 9. ஆட்காட்டி 4. சின்ன உள்ளான் என்று எழுதி வெட்டியிருந்தது. அதற்குக் கீழே, மூக்கு வளைந்தது 31, வளையாதது 60 மட்டில். பக்கத்தின் அடியில் ஒரு கேள்வி: வளையாததுக்கு என்ன பெயர் அண்ணா?